மறு: ‘மெய்நிகர்’ எதற்கு அடைமொழி – அச்சுப்பொறிக்கா, இயக்கிக்கா?

அனைவருக்கும் வணக்கம். ‘வெர்ச்சுவல் பிரிண்டர் டிரைவர்’ என்பதற்குத் தமிழில் என்ன பெயர் வைப்பது என்ற பேச்சுக்கு என் பதில் இது. அச்சுப்பொறி போலவே கணினியில் தெரிந்து, தாளில் அச்சிடாமல் பக்கங்களைக் கோப்பாகவோ வேறு வழியிலோ தருவதுதான் வெர்ச்சுவல் பிரிண்டர்; அதை ஓட்டுகிற நிரல் டிரைவர், அதாவது இயக்கி.

> ‘மெய்நிகர் அச்சுப்பொறி இயக்கி’ என்றே வைத்துவிடலாமே. மூன்று சொல்லும் ஏற்கெனவே புழக்கத்தில் இருப்பவைதானே.

புழக்கத்தில் இருப்பவைதான். சேர்த்து வைக்கும்போதுதான் சிக்கல். இங்கே நிஜத்தில் இல்லாத பொருள் அச்சுப்பொறி. இயக்கி அப்படியில்லை; அது கணினியில் நிறுவப்பட்டு ஓடுகிற அசல் நிரல். மூன்றையும் வெறுமனே அடுக்கினால் ‘அச்சுப்பொறி இயக்கி’ என்பதை ஒரே சொல்லாக எடுத்துக்கொண்டு, இயக்கிதான் மெய்நிகர் என்று படித்துவிடுவார்கள். பயனர் கையேட்டை மொழிபெயர்த்தபோது நானே அப்படித்தான் படித்தேன்.

இன்னொரு தொல்லை, ‘இயக்கி’ வினையெச்சமாகவும் வரும். ‘அச்சுப்பொறி இயக்கி சோதிக்கவும்’ என்று ஒரு பொத்தானில் இருந்தால், இயக்கியைச் சோதிப்பதா, அச்சுப்பொறியை ஓடவிட்டுச் சோதிப்பதா? ஆனால் இதற்காக ‘இயக்கி’யையே மாற்ற வேண்டாம். அது வேரூன்றிவிட்டது. ‘இயக்கியைச் சோதிக்கவும்’ என்று வேற்றுமை உருபை விடாமல் எழுதினாலே குழப்பம் போய்விடும். இடம் மிச்சம் பிடிக்கிறேன் என்று உருபை வெட்டுவதால் வருகிற வினை இது.

> பொறியே இல்லாதபோது ‘அச்சுப்பொறி’ எதற்கு?

நல்ல கேள்வி. போன வாரம் இதைப் பார்க்கவே லினக்ஸில் அச்சு வேலைகளைக் கவனிக்கிற கப்ஸ் (CUPS) மென்பொருளுக்கு ஒரு பின்முனை, அதாவது அச்சு வேலையைச் சாதனத்திடம் கொண்டுசேர்க்கிற நிரல், எழுதினேன், இருபது வரி ஷெல் நிரல். எந்த உள்ளீடும் தராமல் கூப்பிட்டால் ‘நான் இன்ன சாதனம்’ என்று ஒரு வரி சொல்ல வேண்டும். அச்சு வேலை வரும்போது வேலை எண், பயனர் பெயர், தலைப்பு, பிரதிகளின் எண்ணிக்கை, விருப்பங்கள் ஆகியவற்றை வரிசையாக வாங்கிக்கொள்ள வேண்டும். அவ்வளவுதான். வந்த பக்கங்களைப் பிடிஎஃப் கோப்பாகப் போட்டுவிட்டுப் பேசாமல் இருந்துவிடலாம். (தலைப்பைக் கோப்புப் பெயராக்கும் இடத்தில் ஆங்கில எழுத்தும் எண்ணும் தவிர மற்றதையெல்லாம் அடிக்கோடாக்கிவிட்டேன். தமிழ்த் தலைப்புள்ள ஆவணம் வெறும் கோடுகளாக வந்து நின்றது. கலைச்சொல்லுக்கு மல்லுக்கட்டுகிறவன் செய்கிற வேலையா இது!)

ஆக, உள்ளே பொறி எதுவும் இல்லை. ஆனால் அச்சிடச் சொல்கிற செயலியின் பக்கம் நின்று பாருங்கள். அதற்கு இது அச்சுப்பொறியேதான். தாள் அளவு என்ன என்று கேட்கும். ஏ4 என்றால் 210 × 297 மில்லிமீட்டர் என்று பதில் போக வேண்டும். ஓரம், நிறம், ஒரு அங்குலத்துக்கு எத்தனை புள்ளி, எல்லாவற்றுக்கும் இப்படித்தான். இந்த நடிப்பு பிசகினால் பக்கம் பிசகும். ‘மெய்நிகர்’ என்ற சொல் இந்த நடிப்பைத்தான் குறிக்கிறது. அதனால் ‘பொறி’ இருக்கட்டும் என்பது என் கட்சி.

இனி மற்றப் பெயர்கள். ‘மெய்நிகர்’ இடத்தில் ‘மாய’ வேண்டாம், மந்திர வாடை அடிக்கிறது. ‘போலி’ என்றால் யாரும் நிறுவவே மாட்டார்கள். ‘நிகரச்சு’ சுருக்கமாக இருக்கிறது, எனக்கும் ஆசைதான். ஆனால் நிகர லாபம், நிகர எடை என்று பழகிய கண்ணுக்குக் கழிவு போக மிஞ்சிய அச்சு என்றல்லவா தோன்றும்?

‘கோப்பச்சு’ பிடித்திருக்கிறது. கோப்பு + அச்சு, புணர்ச்சியும் தானாக விழுகிறது. விண்டோஸ் 10 உடன் வந்த ‘மைக்ரோசாஃப்ட் பிரிண்ட் டு பிடிஎஃப்’ போன்றவற்றுக்கு அச்சு அசலாகப் பொருந்தும். ஆனால் எல்லா மெய்நிகர் அச்சுப்பொறியும் கோப்பு எழுதுவதில்லை. சில தொலைநகலாக அனுப்புகின்றன, சில குறிப்பேட்டுச் செயலிக்குள் கொண்டுபோய்ப் போடுகின்றன. பொதுப்பெயராக அது நிற்காது.

எனவே நான் சொல்வது: ஆவணங்களில் ‘மெய்நிகர் அச்சுப்பொறிக்கான இயக்கி’. அந்த ‘-க்கான’ வந்ததும் எது மெய்நிகர் என்ற கேள்வியே எழாது. இடம் குறைந்த பட்டிகளில், பிடிஎஃப் எழுதுகிற வகைக்கு மட்டும் ‘கோப்பச்சு’. மறுப்பு இருந்தால் சரங்களை (திரையில் தோன்றும் சொற்றொடர்களை) இனி மாற்ற முடியாதபடி பூட்டுவதற்கு முன் சொல்லுங்கள்.

‘ஸ்பூலர்’ (அச்சு வேலைகளை வரிசையில் வைத்திருக்கும் நிரல்) என்பதற்கான சொல் பற்றிய பஞ்சாயத்தை இங்கே இழுக்க வேண்டாம், அதற்குத் தனி இழை போடுகிறேன்.