புதுப்பிப்பு: அப்பாவின் காரில் கைப்பேசி இணைந்துவிட்டது

மலேசியாவின் சுங்கை சிப்புட்டிலிருந்து எழுதுகிறேன். அப்பாவின் காரில் கைப்பேசியைச் செருகினால் சார்ஜ் ஏறுகிறது, ஆனால் ஆண்ட்ராய்ட் ஆட்டோ (கைப்பேசியின் வரைபடத்தையும் பாட்டையும் காரின் திரையில் காட்டும் வசதி) திரையில் வருவதே இல்லை என்று முன்பு கேட்டிருந்தேன். திரையையே மாற்றிவிடச் சிலர் சொன்னீர்கள். தயவுசெய்து யாரும் அவசரப்பட்டு அதைச் செய்யாதீர்கள்!

கோளாறு கேபிளில்தான். வழக்கமான யூஎஸ்பி 2.0 கேபிளுக்குள் 4 கம்பிகள் இருக்கும்: இரண்டு மின்சாரத்துக்கு, இரண்டு தரவுக்கு. மலிவான சிலவற்றில் தரவுக் கம்பிகளே கிடையாது. கைப்பேசிக் கடை அண்ணன் எங்கள் கேபிளைத் தம் கணினியில் செருகிக் காட்டினார்; சார்ஜ் ஏறியது, படங்களின் கோப்புறை தெரியவில்லை. பிறகு கைப்பேசியின் துளையில் விளக்கடித்துப் பல்குச்சியால் மெல்லச் சுரண்டினார். தோட்டத்துச் செம்மண் தூளோடு பஞ்சு உருண்டையாக வந்தது. கைப்பேசியை அணைத்துவிட்டுத்தான் இதைச் செய்ய வேண்டும்.

புதிய கேபிளைச் செருகியதும் வரைபடம் திரைக்கு வந்துவிட்டது. காரில் இரண்டு துளைகள் இருந்தால் ஒன்று சார்ஜுக்கு மட்டுமாக இருக்கலாம், அதையும் பாருங்கள்.

புளூடூத் போதாதா என்று கேட்டவர்களுக்கு: அது அழைப்புக்கும் பாட்டுக்கும் போதும். கம்பியில்லா ஆண்ட்ராய்ட் ஆட்டோவில்கூட வரைபடத்தைத் திரைக்குக் கொண்டுவருவது வைஃபைதான். எங்கள் காரில் அந்த வசதி இல்லை.

அம்மாவை ஈப்போ மருத்துவமனைக்கு அழைத்துப்போகும் அப்பா இனி கைப்பேசியைக் கையில் எடுக்க வேண்டியதில்லை. எனக்கு அதுதான் பெரிய நிம்மதி. செம்பனைக் காட்டுக்குள் இணையம் விட்டுவிட்டு வருவதால் வரைபடத்தை முன்கூட்டியே பதிவிறக்கியும் வைத்துவிட்டேன்.