சா ங்கோ எண்ணெயில் பிரிந்துபோகிறது, அவசர உதவி தேவை

மஞ்சள்வெயில்:
வியட்நாம் மக்காச்சோளப் பலகாரம், சா ங்கோ, வீட்டில் போட்டுப் பார்க்கிறேன். எண்ணெயில் விட்டதும் ஓரம் பிரிந்து முத்து முத்தாக மிதக்கிறது. பிரியாமல் நின்றவையும் வெளியே கருகி உள்ளே கொழகொழவென்று இருக்கின்றன. ஒரு முத்து வெடித்து எண்ணெய் கையில் தெறித்துவிட்டது. செய்முறையில் சொன்னபடிதான் எல்லாம் சேர்த்தேன். மாலையில் ஆட்கள் வருகிறார்கள். என்ன செய்யலாம்?

தாளிப்பு:
எந்தச் செய்முறை? என்ன மாவு? முட்டை சேர்த்தீர்களா? சோளம் பச்சையா, ஃப்ரீசரில் இருந்ததா, டின்னா?

சோளக்காடு:
முதலில் கையைக் கவனியுங்கள். தெறித்த இடத்தை 20 நிமிடம் குழாய்த் தண்ணீரில் காட்டுங்கள், ஐஸ் வைக்காதீர்கள். அப்புறம், எத்தனை சோளத்துக்கு எவ்வளவு மாவு? சோளத்தை அரைத்தீர்களா, முழுசாகப் போட்டீர்களா?

கல்லடுப்பு:
எண்ணெய் சரியாகக் காயவில்லை, அதுதான் காரணம். மரக் குச்சி ஒன்றை எண்ணெயில் நட்டுப் பாருங்கள். குச்சியைச் சுற்றிப் பொடிப்பொடியாகக் குமிழி வந்தால்தான் மாவை விட வேண்டும். ஏறத்தாழ 170 டிகிரி.

தாளிப்பு:
வெளியே கருகுகிறது என்கிறாரே. காயாத எண்ணெயில் எப்படிக் கருகும்?

கல்லடுப்பு:
முதலில் காயாமல் விட்டிருப்பார். பிரிந்ததும் பயந்து தீயைக் கூட்டியிருப்பார். பல வீடுகளில் நடப்பதுதான்.

மூத்தகரண்டி:
உதவி கேட்பவர் சோளம் எது என்றாவது எழுத வேண்டும். இதை இங்கே பல முறை சொல்லியாகிவிட்டது. ஊகத்தில் பதில் எழுதுகிறவர்களும் கொஞ்சம் பொறுக்கலாம். வியட்நாமில் சாப்பாட்டுச் சோளம் இரண்டு வகை. ஒன்று ங்கோ நெப், பெரும்பாலும் வெள்ளை முத்து, ஒட்டும் தன்மை உள்ளது. இன்னொன்று மஞ்சள் இனிப்புச் சோளம். ஒட்டும் சோளத்தின் மாவுச்சத்து கிட்டத்தட்ட முழுவதும் அமைலோபெக்டின் என்ற ஒட்டும் வகை, ஒட்டரிசியில் இருப்பதும் அதுவேதான். சூடு பட்டதும் தானே பசையாகிப் பிடித்துக்கொள்ளும். இனிப்புச் சோளத்தில் சர்க்கரையும் தண்ணீரும் அதிகம், மாவுச்சத்து குறைவு. பிடித்துக்கொள்ள அதில் ஒன்றும் இல்லை. சர்க்கரை இருப்பதால் சீக்கிரம் சிவந்து கருகும். உங்கள் இரண்டு புகாருக்கும் காரணம் அந்த ஒன்றுதான். எந்தச் சோளம் என்று சொல்லாமல் மேலே பேசிப் பயனில்லை.

மஞ்சள்வெயில்:
மஞ்சள் சோளம், சூப்பர்மார்க்கெட்டில் வாங்கியது. பாதியை மிக்சியில் அடித்தேன், பாதி முழு முத்து. பாக்கெட்டில் வரும் பொரிப்பு மாவு, ஒரு முட்டை, வெங்காயத்தாள், மீன் சாஸ். ஹனோயில் இருக்கிறேன். கை பரவாயில்லை.

சோளக்காடு:
ஹனோயிலா! அதை முதலிலேயே சொல்லியிருந்தால் இத்தனை கேள்வி வந்திருக்காது. தெருச் சந்தைக்குப் போய் நெப் சோளம் கேளுங்கள். முற்றலாக, நகத்தால் கீறினால் பால் தெறிக்காமல் கெட்டியாகக் கசிவதாகப் பாருங்கள். கத்தியால் மெல்லிய சீவலாகச் சீவி, பிறகு கத்தியின் முதுகால் கதிரை வழியுங்கள். அடியில் ஒட்டியிருக்கும் கெட்டிப் பாலில்தான் பசை இருக்கிறது. 3 கதிருக்கு 1 முட்டை, 2 மேசைக்கரண்டி அரிசி மாவு போதும். முழு முத்து ஒன்றுகூட இருக்கக் கூடாது. தோலுக்குள் நீராவி அடைபட்டுத்தான் வெடிக்கிறது.

அரிவாள்மனை:
சந்தைக்குப் போக நேரமில்லை என்றால், இருப்பதைத் துணியில் பிழியுங்கள். பிழிந்த நீரைத் தெளியவிட்டு, அடியில் தங்கும் மாவை மட்டும் திரும்பச் சேர்க்கலாம்.

மூத்தகரண்டி:
இனிப்புச் சோளத்தில் அடியில் என்ன தங்கிவிடப் போகிறது? மேலே எழுதியதைப் படித்துவிட்டுப் பதில் போடுங்கள். பிழிவது சரி. ஆனால் மரவள்ளி மாவோ கார்ன்ஃப்ளாரோ 3 மேசைக்கரண்டி தனியாகச் சேர்க்க வேண்டும். மீன் சாஸை எண்ணெய் காய்ந்த பிறகு கடைசியில் கலக்க வேண்டும். உப்பு சேர்ந்த கலவை நிற்க நிற்கத் தண்ணீர் விடும்.

மஞ்சள்வெயில்:
சரி, சந்தைக்குக் கிளம்புகிறேன். வருகிறவர்களில் இருவர் சைவம். மீன் சாஸ் இல்லாமல் ருசி வருமா?

நெத்திலிக்குழம்பு:
வராது. மீன் சாஸ் இல்லாவிட்டால் அது வெறும் சோள வடை. நல்ல சாஸ் என்றால் நெத்தலியும் உப்பும் மட்டும், 3 பங்கு மீனுக்கு 1 பங்கு உப்பு, ஒரு வருடம் மரத்தொட்டியில் ஊறியது. ஃபூ குவோக் தீவின் சாஸுக்கு 2012இல் ஐரோப்பிய ஒன்றியமே பெயர்க் காப்பு கொடுத்தது. அதை விட்டுவிட்டுச் சோயாவா?

அரிவாள்மனை:
வியட்நாமில் சைவமே இல்லை என்பதுபோல் எழுதுகிறீர்கள். சந்திர மாதத்தின் 1ஆம் நாளும் 15ஆம் நாளும் சைவம் சாப்பிடும் பௌத்தக் குடும்பங்கள் அங்கே ஏராளம். ஹுவே நகரம் கோயில் சார்ந்த சைவச் சமையலுக்கே பேர் போனது. அவர்களும் வியட்நாம்காரர்கள்தானே?

நெத்திலிக்குழம்பு:
நான் சொன்னது ருசியைப் பற்றி. விரதத்தைப் பற்றி அல்ல.

அரிவாள்மனை:
நானும் ருசியைப் பற்றித்தான் சொல்கிறேன். சோயா, எலுமிச்சைச் சாறு, சர்க்கரை, வெந்நீர், நசுக்கிய பூண்டு, மிளகாய். கீரையிலும் புதினாவிலும் சுருட்டித் தொட்டுச் சாப்பிட்டுப் பாருங்கள். இதில் மீன் இல்லாத குறையை யாரும் தேட மாட்டார்கள்.

தாளிப்பு:
பூண்டு சாப்பிடாத சைவர்களும் அங்கே உண்டு. வருகிறவர்களிடம் அவர் முதலில் கேட்டுக்கொள்வது நல்லது. முட்டையும் அப்படித்தான்.

கல்லடுப்பு:
யாரும் எண்ணெயைப் பற்றிப் பேசவே இல்லை. ஒரே நேரத்தில் நாலைந்துக்கு மேல் போடாதீர்கள், சூடு இறங்கிவிடும். தட்டையாக, விரல் கனத்தில் தட்டினால் உள்ளேயும் வேகும். குளிர்காலத்தில் ஹனோய் தெருவோரத்தில் வாழைப்பழமும் சர்க்கரைவள்ளியும் பொரிப்பதைப் போய்ப் பாருங்கள், அந்த அம்மாக்களின் கண் முழுக்க எண்ணெய் மேலேதான் இருக்கும்.

மூத்தகரண்டி:
இரண்டாவது முறை அரை நிமிடம் பொரித்தெடுத்தால் மொறுமொறுப்பு நிற்கும். நடுவில் கம்பித் தட்டில் ஆறவிடுங்கள், காகிதத்தில் அடுக்கினால் வேர்த்துவிடும்.

மஞ்சள்வெயில்:
நெப் சோளம் கிடைத்தது. பிரியவில்லை, வெடிக்கவும் இல்லை. சோயாவில் தொட்டுக்கொண்டார்கள். எல்லோருக்கும் நன்றி.

சோளக்காடு:
மகிழ்ச்சி. முட்டை சேர்த்தீர்களா, சேர்க்காமலே நின்றதா? அதைக் கொஞ்சம் எழுதுங்கள், எனக்குத் தேவைப்படுகிறது.

அரிவாள்மனை:
எனக்கும்.