தாத்தா வீட்டுக் குழு: ஹெர்த்தா டீலெ

நிலா: பெரியப்பா, நீங்க சொன்ன ஜெர்மன் படம் ‘மேட்ஷென் இன் யூனிஃபார்ம்’ பார்த்து முடிச்சாச்சு. 1931ல இப்படி ஒரு படமா!!

பெரியப்பா: போட்ஸ்டாம்ல ஒரு விடுதிப் பள்ளி. திரையில ஒரு ஆம்பளை கிடையாது, கவனிச்சியா? இயக்குநரும் பொம்பளைதான், லியோன்டீனெ சாகான்.

மீனா அத்தை: அப்போ வில்லன் யாரு?

நிலா: தலைமையாசிரியை 😭 கைத்தடியோட வர்றதே பயமா இருக்கு அத்தை. மானுவெலாவா வர்ற பொண்ணு அழுதா எனக்கும் தொண்டை அடைக்குது. நிஜமாவே ஸ்கூல் பொண்ணுன்னு நினைச்சேன்

பெரியப்பா: ஹெர்த்தா டீலெ. லைப்சிக்ல 1908ல பொறந்தது. கதையில 14 வயசு, நடிக்கும்போது 23.

சுந்தர்: நம்ம ஹீரோக்கள் அம்பது வயசுல காலேஜ் போறாங்க, இதெல்லாம் ஒண்ணுமே இல்ல

மீனா அத்தை: யாராவது அம்மாவுக்கு மாத்திரை வாங்கினீங்களா?

சுந்தர்: வாங்கியாச்சு

நிலா: வேற என்ன படம் பண்ணாங்க?

பெரியப்பா: மறுவருஷம் ‘கூலெ வாம்பெ’. கதை எழுதினதுல நாடகாசிரியர் பிரெக்ட்டுக்கும் பங்கு. பெர்லின்ல வேலையில்லாத் திண்டாட்டம். அந்தம்மாவோட தம்பியா வர்ற பையன் நாள் பூரா வேலை தேடி அலைஞ்சிட்டு வருவான். கைக்கடிகாரத்தைக் கழட்டிப் பத்திரமா வச்சிட்டு ஜன்னல் வழியா குதிச்சிடுவான்.

மீனா அத்தை: ஐயோ

பெரியப்பா: முதல்ல தடை பண்ணிட்டாங்க. அப்புறம் வெட்டித்தான் விட்டாங்க. 1933ல இன்னும் ரெண்டொரு படம், அதோட சரி.

நிலா: ஏன்? கல்யாணமா?

பெரியப்பா: அதான் எல்லாரும் கேப்பீங்க 🙂 ஹிட்லர் வந்தாச்சு. நாஜிக்காரங்க பிரச்சாரத்துக்கு ஒத்துப்போக மாட்டேன்னு ஹெர்த்தா நின்னுடுச்சு. 1936ல அரசாங்க நாடகக் கழகத்துலேர்ந்து நீக்கிட்டாங்க, அந்த உறுப்பினர் அட்டை இல்லாம மேடை ஏற முடியாது. மறுவருஷம் நாட்டை விட்டே சுவிட்சர்லாந்து போயிடுச்சு.

சுந்தர்: தலையாட்டிட்டுப் போயிருந்தா பெரிய ஸ்டார் ஆகியிருக்கலாம்

பெரியப்பா: ஆட்டினவங்களும் உண்டுடா. நிலா பார்த்த படத்துக்கே மேற்பார்வை பண்ணவர் கார்ல் ஃப்ரோலிக். 1933ல நாஜிக் கட்சியில சேர்ந்தார், 1939ல சினிமாத் துறைக் கழகத்துக்கே தலைவர்!

நிலா: அதே படமா!! அவரு தலைவர், இவங்க நாட்டை விட்டே வெளிய 😡

மீனா அத்தை: அப்புறம் அந்தப் பொண்ணு என்ன ஆச்சு?

பெரியப்பா: போருக்கப்புறம் கிழக்கு ஜெர்மனி வந்து, திரும்பவும் சுவிட்சர்லாந்து போய் மனநல ஆஸ்பத்திரியில உதவியாளர் வேலை பார்த்து, 1966ல மறுபடி கிழக்கு ஜெர்மனி. டிவி நாடகத்துல எல்லாம் நடிச்சுது. 1984ல காலமாச்சு.

மீனா அத்தை: ஞாயித்துக்கிழமை இங்க டிவியில போடுங்கண்ணா. அந்த ஜன்னல் படம் வேண்டாம், ஸ்கூல் படம்.

சுந்தர்: சப்டைட்டில் இங்கிலீஷ்லதான் இருக்கு அத்தை

மீனா அத்தை: நிலா படிச்சுச் சொல்லுவா

நிலா: 🙄 முறுக்கு சுட்டா சொல்றேன்