கடைசி வரிசைக்கும் ஒரு ஜாணுக்கும் நடுவுல

சாலிகிராமம் சவுண்டு:

மேடையில பார்த்த ஆளை மைக் முன்னாடி பார்த்த அனுபவம் இங்க யாருக்காவது இருக்கா? எனக்கு ஒண்ணு இருக்கு. ரொம்ப நாளா எழுதணும்னு நினைச்சு தள்ளிப் போயிட்டே இருந்தது.

எனக்குச் சொந்த ஊர் புதுக்கோட்டைப் பக்கம். மாசி, பங்குனி வந்தா ஊருக்கு ஊர் வள்ளி திருமணம் நாடகம்தான். அதை எழுதின சங்கரதாஸ் சுவாமிகள் 1922லயே போய்ச் சேர்ந்துட்டார், ஆனா அவர் எழுதி வெச்சது எங்க ஊர் மந்தையில, அதாவது ஊர்ப் பொதுத் திடல்ல, இன்னும் ராத்திரி பத்து மணிக்கு ஆரம்பிச்சு விடிய விடிய நடக்குது. இந்த ஸ்பெஷல் நாடகத்தைப் பாக்காதவங்களுக்காக ஒரு வார்த்தை: ராஜபார்ட் (கதாநாயகன்) ஒரு ஊர், ஸ்திரீபார்ட் (கதாநாயகி) ஒரு ஊர், பபூன் (கோமாளி) இன்னொரு ஊர், ஆர்மோனியம் வேற ஊர். ஒத்திகைன்னு ஒண்ணு கிடையாது. கதை எல்லாருக்கும் மனப்பாடம், பேச்சு மட்டும் மேடையில அப்பப்ப பொறக்கும். அதுலயும் நாரதருக்கும் வள்ளிக்கும் நடக்குற தர்க்கம் இருக்கே, ஒருத்தர் கேள்விக்கு இன்னொருத்தர் மடக்கி மடக்கி, மணிக்கணக்குல போகும். அதுக்காகவே தூங்காம உக்காந்திருப்போம்.

எங்க ஊருக்கு நாரதர் வேஷம் கட்ட ஒரு அண்ணன் வருவார். அவர் வாயைத் திறந்தா மந்தைக்கு அந்தப் பக்கம் டீக்கடையில நிக்கிறவன் திரும்பிப் பாப்பான். ஒருநாள் பாதி நாடகத்துல கரண்ட் போச்சு. அவர் நிறுத்தவே இல்ல. கடைசியில பாய் விரிச்சுப் படுத்திருந்த எங்க அப்பத்தாவுக்குக்கூட ஒவ்வொரு சொல்லும் கேட்டுது.

2016ல நான் ஒரு டப்பிங் தியேட்டர்ல அசிஸ்டென்ட். தெலுங்குப் படம், டிவிக்காகத் தமிழ் பண்றோம். ஊர்ப் பெரியவர் கேரக்டர், மொத்தம் ஒன்பது வசனம். கோஆர்டினேட்டர் ஒருத்தரைக் கூட்டிட்டு வந்தார். பார்த்தா நம்ம நாரதர்! மழை மாசத்துல நாடகம் இல்ல, மெட்ராஸ்ல ஏதாவது கிடைக்குமான்னு வந்திருக்கார். நான் போய் "அண்ணே, நான் இன்ன ஊரு"ன்னு சொன்னதும் கையைப் பிடிச்சுக்கிட்டு விடல.

பூத்துக்குள்ள போனார். முதல்ல செருப்பைக் கழட்டி, மைக்கைத் தொட்டுக் கும்பிட்டார். ஸ்டார்ட் கொடுத்தோம். முதல் சொல்லுலயே சத்த அளவு காட்டற மீட்டர் சிவப்பைத் தாண்டிப் போயி முட்டிக்கிட்டு நிக்குது. இன்ஜினியர் ஹெட்போனைக் கழட்டிக் கீழ வெச்சுட்டார். "ஐயா, மைக் உங்களுக்கு ஒரு ஜாண் தூரத்துலதான் இருக்கு"ன்னு சொன்னோம். சரின்னு தலையாட்டிட்டு ரெண்டாவது டேக்ல சத்தத்தைப் பாதியா குறைச்சார். குரல் செத்துப் போச்சு. யாரோ பக்கத்து வீட்டு ஆளு பேசற மாதிரி ஆயிடுச்சு.

ஆனா நிஜமான தகராறு சத்தம் இல்லீங்க. ஒவ்வொரு டேக்கும் வேற வேற வசனம்! அவருக்குச் சொன்னதையே திருப்பிச் சொல்லிப் பழக்கமில்ல. முப்பது வருஷமா எதிராளி என்ன சொல்றாங்களோ அதுக்கு ஏத்த மாதிரி பேசின ஆளு. இங்க எதிர்ல இருக்கறவன் திரையில, அவன் பேசி முடிச்சு ஒரு வருஷம் ஆச்சு. அவன் உதடு எப்ப மூடுதோ அப்ப நாம மூடணும்.

தெலுங்குல சொல்லு பெரும்பாலும் உயிரெழுத்துல முடியும், வாய் திறந்தபடி நிக்கும். நம்ம ஆளு "இந்த ஊரை விட்டுப் போயிடணும்"னு முடிக்கிறார். "ணும்"னு வாய் மூடுது, திரையில இருக்கறவன் ஆன்னு நிக்கிறான். எழுத்தாளர் சட்டுனு "போயிடுடா"ன்னு மாத்திக் கொடுத்தார். ப, ம வர்ற இடம்தான் எங்க தொழில்ல உயிர். மத்ததை எப்படியாவது சமாளிச்சுடலாம்.

பத்துப் பன்னெண்டு டேக் போச்சு. மனுஷன் வேர்த்துக் கொட்டிட்டார். அப்புறம் அவரே ஒரு வழி கண்டுபிடிச்சார். "தம்பி, வசனத்த விடு. அவன் மூச்சு எங்க வாங்குறான்னு ஒருதரம் காட்டு"ன்னார். சத்தத்தை நிறுத்திட்டுப் படத்தை மட்டும் ஓட்டினோம். கண்ணை இடுக்கிக்கிட்டு ரெண்டு தரம் பார்த்தார். அடுத்த டேக் ஓகே. மீதி எட்டு வசனமும் அரை மணி நேரத்துல முடிஞ்சுது. மூச்சைப் பிடிச்சா பேச்சு தானா வரும்னு நான் கத்துக்கிட்டது அன்னிக்குத்தான். அதை எந்த கோர்ஸ்லயும் எனக்கு யாரும் சொல்லித் தரல.

காவேரிக்கரை:

நானும் ஒன்று சொல்கிறேன். எண்பதுகளில் திருச்சி வானொலியில் கேஷுவல் நாடகக் கலைஞன். அதற்கு முன்பு அமெச்சூர் குழு, கோயில் திருவிழா, கல்லூரி ஆண்டு விழா என்று மேடைதான். நாடகக் குரல் ஆடிஷனில் தேறினால் பி கிரேடில் தொடங்குவார்கள். அதன் மேல் பி ஹை, ஏ, டாப் என்று போகும். நான் பி ஹைக்கு மேலே ஏறவில்லை, அந்தக் கதை இங்கே வேண்டாம்.

மேடைக்காரர்கள் ரேடியோவில் முதலில் தடுக்கி விழுவது குரலில் அல்ல, காகிதத்தில். மேடையில் மனப்பாடம். ரேடியோவில் ஸ்கிரிப்ட் கையில். பார்த்துப் படிக்கிறான் என்று கேட்பவருக்குத் தெரிந்துவிட்டால் நாடகம் அங்கேயே முடிந்தது. இன்னொன்று, தாள் சரசரக்கும். ஸ்டேபிள் பின்னை எடுத்துவிட்டு, படித்த தாளை மைக்கை விட்டு விலக்கி மெதுவாகத் தரையில் நழுவ விடுவோம். நாடகம் முடியும்போது காலைச் சுற்றித் தாள் கிடக்கும்.

எங்கள் மூத்த கலைஞர் ஒருவர் மேடையில் கட்டபொம்மன் வேஷத்துக்குப் பேர் போனவர். ரேடியோவில் அவருக்குக் கிடைத்ததெல்லாம் நோயாளி, கணக்குப்பிள்ளை, சந்தேகப்படும் மாமனார். "இத்தனை பெரிய உடம்பை வைத்துக்கொண்டு முனகச் சொல்கிறார்களே" என்று சிரிப்பார். தூரத்திலிருந்து வருகிற மாதிரி வேண்டுமென்றால் கத்தக் கூடாது; மைக்குக்குப் பக்கவாட்டில் திரும்பி நின்று, பேசிக்கொண்டே இரண்டடி நடந்து வரவேண்டும். அதை அவர் செய்வதைப் பார்த்தால் நடனம் மாதிரி இருக்கும். கட்டபொம்மனாக மேடையில் தொடை தட்டிய அதே கால்கள். தொட்டாங்குச்சி இரண்டைத் தட்டிக் குதிரையும், செலோபன் தாளைக் கசக்கி நெருப்பும் செய்த காலம் அது.

ஒரு ஒட்டுச் செய்தி: நாடக நடிகர் எஸ். ஜி. கிட்டப்பா மைக் இல்லாமல் உச்சக் கட்டையில் பாடி ஆயிரக்கணக்கானவர்களைக் கட்டிப்போட்டவர். 1933இல், முப்பது வயதுகூட ஆகாமல் போய்விட்டார். அகில இந்திய வானொலியின் சென்னை நிலையம் வந்ததே 1938இல். அந்தத் தொண்டை ஒரு ரேடியோ மைக் முன்னால் என்ன செய்திருக்கும் என்று பலமுறை யோசித்திருக்கிறேன்.

மயிலாப்பூர் மாமி:

எனக்குச் சின்ன அனுபவம்தான். என் பேரன் டிவியில கார்ட்டூன் பாத்துண்டிருந்தான். அதுல ஒரு கரடி, எதுக்கெடுத்தாலும் கோபம். இந்தக் குரலை எங்கேயோ கேட்டிருக்கேனேன்னு சமையலறையிலேர்ந்து ஓடி வந்தேன். போன வாரம் சபாவுல சம்பந்தி சண்டை போட்டாரே, அவரேதான்! அடுத்த நாடகத்துக்குப் பேரனையும் அழைச்சுண்டு போனேன். அவர் மேடைக்கு வந்து ரெண்டு வார்த்தை பேசினதும் இவன் எழுந்து நின்னு "கரடி!"ன்னு கத்திட்டான். அவர் ஒரு நொடி நின்னு, வசனத்தோட வசனமா ஒரு உறுமல் உறுமிட்டு விட்ட இடத்துலேர்ந்து தொடர்ந்தார். அன்னிக்குக் கிடைச்ச கைதட்டல்லேயே அதுதான் பெரிசு.

நெய்தல்:

நான் பார்த்தவள் இல்லை, செய்கிறவள். நவீன நாடகம் பன்னிரண்டு வருடம், டப்பிங் எட்டு வருடம்.

எல்லாரும் குரல் மாற்றுவதைப் பற்றிக் கேட்பார்கள். என்னைச் சாப்பிடுவது கதறல்தான். நாடகத்தில் ஒரு ராத்திரிக்கு ஒரு தடவை அழுவேன், அதற்கு முன்னால் ஒன்றரை மணி நேரம் கதை என்னை அங்கே கொண்டுபோய் விட்டிருக்கும். டப்பிங்கில் காலை பத்து மணிக்குக் காபி குடித்த கையோடு பிரசவ வலி, அடுத்த ரீலில் தீ விபத்து. கூட்டக் குரல் என்றால் ஐந்து பேர் சேர்ந்து ஒரு ஊரே ஓடுகிற மாதிரி கத்த வேண்டும். ஒருமுறை பேய்ப் படத்துக்குப் பகல் முழுக்க அலறிவிட்டு, மறுநாள் நாடகத்தில் காற்று மட்டும்தான் வந்தது. இயக்குநர் திட்டவில்லை, என் வசனத்தில் பாதியை மௌனமாக்கி, அதையே அசைவாகச் செய்யச் சொன்னார். பார்த்தவர்கள் அந்த இடம்தான் நன்றாக இருந்தது என்றார்கள். எனக்கு எரிச்சலாக வந்தது, இன்றுவரை.

பணம்? நாடகத்தில் கைக்காசு போகும், டப்பிங்கில் வரும். ஒரு இடத்தில் ஏழு மாதம் இழுத்தடித்துப் பாதிதான் கொடுத்தார்கள். ஆனாலும் எங்கள் குழுவின் ஒத்திகை வாடகை என் கூட்டக் குரலில்தான் ஓடுகிறது.

பெயர் விஷயம் இன்னும் மோசம். மணிச்சித்திரத்தாழு 1993இல் வந்த மலையாளப் படம். ஷோபனாவுக்குத் தேசிய விருது. நாகவல்லி என்கிற தமிழ் நடனக்காரியாக அவர் தமிழில் ஆவேசப்படுகிற இடங்களில் கேட்பது துர்கா என்கிற நம் தமிழ் டப்பிங் கலைஞரின் குரல். இயக்குநர் ஃபாசில் அதை வெளியே சொல்வதற்கு இருபது வருடத்துக்கு மேல் ஆனது. தேசிய விருதில் டப்பிங் குரலுக்கென்று ஒரு பிரிவு இன்றும் இல்லை. தமிழ்நாடு அரசு விருதிலாவது உண்டு. நடிகர் எம். எஸ். பாஸ்கர் மேடை, டப்பிங், 'சின்னப் பாப்பா பெரிய பாப்பா' சீரியலின் பட்டாபி என்று எல்லாப் படியும் ஏறி, 'பார்க்கிங்' படத்துக்காகத் தேசிய விருது வாங்கினார். அதுவும் முகம் தெரிந்த பிறகுதான்.

சாலிகிராமம் சவுண்டு:

நெய்தல் அக்கா, நீங்க சொன்ன அந்தப் பாதிக் காசு கதை எங்க நாரதருக்கும் நடந்துது. அதை விடுங்க.

அடுத்த பங்குனி ஊருக்குப் போயிருந்தேன், அவர்தான் நாரதர். வள்ளியா வந்தவங்க கேட்ட ஒரு கேள்விக்கு சட்டுனு பதில் சொல்லாம, மைக்கை விட்டு ஒரு அடி தள்ளி நின்னு, ரகசியம் பேசற மாதிரி மெதுவா ஒரு வரி சொன்னார். மந்தையே முன்னால சாஞ்சு கேட்டுது. முன்னெல்லாம் அவர் அப்படிச் செஞ்சு நான் பார்த்ததே இல்ல.

விடிஞ்சதும் அரிதாரத்தைத் தேங்காயெண்ணெய் போட்டுத் துடைச்சுக்கிட்டிருந்தார். என்னைப் பார்த்ததும் கேட்ட முதல் கேள்வி: "என்ன தம்பி, மீட்டரு செகப்புக்குப் போச்சா?"