மீட்டரிலிருந்து தோப்பு வீட்டுக்கு எந்த கேபிள் போடலாம்?

வணக்கம். ஊர் காவேரிப்பட்டணம் பக்கம். மாந்தோப்புக்குள் புது வீடு. மீட்டர் ரோட்டோரப் பழைய வீட்டில். இடையே 40 மீட்டர். சிங்கிள் ஃபேஸ். ஒரு ஏசி, கீசர், அரை எச்பி மோட்டார்.

இதுவரை 4 ஸ்கொயர் எம்எம் காப்பர் வயரை மரத்துக்கு மரம் கட்டி ஓட்டினோம். கீசர் போட்டாலே விளக்கு மங்கும். போன வாரம் பார்த்தால், கிளை உரசி ஓரிடத்தில் தோல் உரிந்து செம்பு பளபளக்கிறது. கீழேதான் மாடு கட்டுகிறோம்! அப்போதே மெயினை இறக்கிவிட்டேன்.

எலக்ட்ரீஷியன் 16 ஸ்கொயர் அலுமினிய ஆர்மர்டு கேபிள் (மேலே இரும்புக் கவசம், அதாவது ஆர்மர், சுற்றியது) போதும் என்கிறார். மச்சான் 10 ஸ்கொயர் காப்பர்தான் என்று ஒற்றைக்காலில் நிற்கிறார். கணக்குப் போட்டால் 30 ஆம்பியருக்கு இரண்டிலும் சுமார் 5 வோல்ட்தான் இறங்குகிறது. விலையில்தான் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம்.

எனக்கு அலுமினியம் சரியென்று படுகிறது. பயமெல்லாம் முனையில்தான்: எம்சிபியில் (லோடு கூடினால் தானே விழும் சுவிட்ச்) அலுமினியத்தை மாட்டும் இடம் சூடாகிக் கருகுமாமே? பைமெட்டல் லக் (ஒரு பக்கம் அலுமினியம், மறுபக்கம் செம்பு உள்ள இணைப்பு முனை) போட்டவர்கள் அனுபவம் சொல்லுங்கள்.

அப்புறம், இரண்டரை அடி ஆழத்தில் மணல் பரப்பிப் புதைக்க நினைத்தோம். நம்ம ஊர் மண்தான் தெரியுமே, ஒன்றரை அடியிலேயே பாறை. அந்த இடத்தில் மட்டும் ஜிஐ பைப்புக்குள் விட்டு மேலே கான்கிரீட் போட்டால் போதுமா? ஆர்மரை எந்த முனையில் எர்த் செய்தீர்கள்?