பூர்ணம் விஸ்வநாதன் நாடகத்திலிருந்து வந்தவரா?

கேள்வி:
அண்மையில் ‘மகாநதி’ படத்தை மறுபடியும் பார்த்தேன். சிறையில் கமல்ஹாசனுக்கு உற்ற துணையாக இருக்கும் பஞ்சாபகேசன் என்னும் முதியவராக நடித்த பூர்ணம் விஸ்வநாதனைப் பற்றி அறிய விரும்புகிறேன். முகத்தைப் பார்த்தவுடன் அப்பா, தாத்தா வேடங்கள் நினைவுக்கு வருகின்றனவே தவிர, அதற்கு முன் அவர் என்ன செய்துகொண்டிருந்தார் என்பதை என் வயதினரில் எவரும் சொல்லக் காணோம். அவர் நாடகத்திலிருந்து வந்தவரா?

மறுமொழி 1:
ஆம், நாடகத்திலிருந்து வந்தவர்தாம். ஆனால் வானொலியை விட்டுவிட்டு அவருடைய நடிப்பைப் புரிந்துகொள்ள இயலாது. 1921இல் பிறந்த அவர், இளமையிலேயே தில்லியில் அகில இந்திய வானொலியின் தமிழ்ச் செய்திப் பிரிவில் பணியாற்றினார். 1947 ஆகஸ்ட் 15 அன்று நாடு விடுதலை பெற்ற செய்தியைத் தமிழில் வாசித்தவர் அவரே. அப்போது அவருக்கு 26 வயதுகூட நிறையவில்லை. செய்தி வாசிப்பவருக்கு முகமும் உதவாது, கையும் உதவாது. எந்தச் சொல்லில் அழுத்தம் கொடுப்பது, எங்கே மூச்சு விடுவது என்பதை வைத்தே அவர் கேட்பவரைப் பிடித்து நிறுத்த வேண்டும். பஞ்சாபகேசன் பேசும் காட்சிகளைக் கண்ணை மூடிக்கொண்டு ஒரு முறை கேட்டுப் பாருங்கள். அந்தப் பயிற்சி அங்கே அப்படியே இருக்கிறது.

மறுமொழி 2:
முன்னவர் கூறியதை ஏற்கிறேன். எனினும் அவருடைய உச்சம் மேடையில்தான் என்பது என் உறுதியான கருத்து. சுஜாதாவின் நாடகங்களை மேடையில் வாழவைத்தவர் அவர். ‘கடவுள் வந்திருந்தார்’ நாடகத்தில், பணி ஓய்வு பெற்ற ஸ்ரீனிவாசனுக்கு எதிர்காலத்திலிருந்து வந்த ஜோ என்பவன் மட்டும் தெரிவான். வீட்டாருக்கு அவன் தெரியமாட்டான். ஒரே நேரத்தில் ஜோவுக்கு விடை சொல்லவும், கணவனுக்குப் புத்தி பேதலித்துவிட்டதாக அஞ்சும் மனைவியைச் சமாளிக்கவும் வேண்டிய பாத்திரம் அது. சற்றே மிகைப்படுத்தினாலும் வெறும் கோமாளித்தனமாகிவிடும். ‘ஊஞ்சல்’ நாடகத்திலும் மையப் பாத்திரம் அவருடையதே.

மறுமொழி 3:
திரையுலகம் அவரை முழுமையாகப் பயன்படுத்திக்கொள்ளவில்லை என்ற வருத்தம் எனக்கு உண்டு. 1980இல் ‘வறுமையின் நிறம் சிவப்பு’ வெளிவந்தபோது, கமலின் தந்தையாக நடித்த அவர் அறுபதை நெருங்கிக்கொண்டிருந்தார். அதன் பின்னர் ‘மூன்றாம் பிறை’யில் தலைமையாசிரியர், ‘வருஷம் 16’ படத்தில் தாத்தா, ‘ஆசை’யில் கதாநாயகியின் தந்தை என்று, மரியாதைக்குரிய பெரியவர் வேடங்களே பெரும்பாலும் அவரைத் தேடி வந்தன. 2008இல் அவர் மறைந்தார். மேடையில் ஒரு நாடகத்தையே தோளில் சுமந்த மனிதருக்குத் திரையில் பஞ்சாபகேசனைப் போல இன்னும் நான்கைந்து பாத்திரங்களாவது கிடைத்திருக்க வேண்டும்.

கேள்வி கேட்டவர்:
மூவருக்கும் மனமார்ந்த நன்றி. ‘கடவுள் வந்திருந்தார்’ நாடகம் நூலாகக் கிடைக்கிறது என்பதால் முதலில் அதை வாசிக்கிறேன். அவர் நடித்த மேடை நாடகங்களின் ஒலிப்பதிவு எவரிடமேனும் இருந்தால் அன்புகூர்ந்து இங்கே தெரிவியுங்கள். ஒளிப்பதிவு இல்லாவிட்டாலும், அந்தக் குரலைக் கேட்டால் போதும்.