காப்ரியேல் ஒரோஸ்கோ: உருண்டையிலிருந்து வட்டத்துக்கு

கேள்வி:
மெக்சிகோவின் ஹலாப்பாவில் 1962இல் பிறந்த காப்ரியேல் ஒரோஸ்கோவின் படைப்புகளைச் சில மாதங்களாகக் கவனித்துவருகிறேன். 1992இல் தன் உடல் எடைக்கு நிகரான, பிளாஸ்டிசீன் என்னும் செயற்கைக் களிமண் உருண்டையைத் தெருவில் உருட்டி, அதில் ஒட்டிய தூசியையும் பதிந்த தடங்களையுமே சிற்பமாக்கியவர் அவர். அவரே 2004 முதல், அளவெடுத்த வட்டங்களுக்குள் சிவப்பும் நீலமும் வெள்ளையும் பொன்னும் நிரப்பும் ஓவியங்களுக்குச் சென்றது எனக்குப் புதிராக இருக்கிறது. இதை வளர்ச்சி என்பதா, பின்வாங்கல் என்பதா?

மறுமொழி 1:
நண்பரே, இரண்டும் இல்லை என்பேன். அந்த ஓவியங்களில் நிறங்கள் இடம்மாறும் முறை சதுரங்கக் குதிரையின் நகர்வைத் தழுவியது. 1995இலேயே அவர், வழக்கத்தைவிட நான்கு மடங்கு கட்டங்கள் கொண்ட பலகை ஒன்றைச் செய்து, ராஜாவோ சிப்பாயோ இல்லாமல் குதிரைகளை மட்டும் அதில் நிறுத்தியிருந்தார். நுரையீரல் பாதிப்பிலிருந்து மீண்ட பின், 1997இல், மனித மண்டையோடு ஒன்றின்மேல் பென்சிலால் கறுப்பு வெள்ளைக் கட்டங்கள் வரைந்தார். கண்குழியருகே அக்கட்டங்கள் எலும்புக்கு இணங்கி நெளிவதைப் பாருங்கள். வடிவியல் அவரிடம் திடீரென முளைத்ததன்று. பொருளைத் தொட்டுத் தடவி அறியும் கையும் அவரை விட்டுப் போய்விடவில்லை.

மறுமொழி 2:
மண்டையோட்டைப் பொறுத்தவரை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் 2006இல் மெக்சிகோ நகரத்து வாஸ்கோன்செலோஸ் நூலகத்தில் தொங்கவிடப்பட்ட சாம்பல் திமிங்கிலத்தின் எலும்புக்கூட்டில் பென்சில் வளையங்களை வரைந்தது அவரும் ஓர் உதவியாளர் குழுவும். அங்கே யாருடைய கையைப் பற்றிப் பேசுவது? 1993இல் வெனிஸ் பியன்னாலே என்னும் பன்னாட்டுக் கலைக் கண்காட்சியில் வெறும் காலணிப் பெட்டியைத் தரையில் வைத்துவிட்டு ஒதுங்கியவரின் துணிச்சல் அந்த ஓவியங்களில் எனக்குத் தென்படவில்லை. அதே ஆண்டு ஒரு சிட்ரோயன் காரை நீளவாக்கில் மூன்றாக அறுத்து, நடுப்பகுதியை நீக்கி, மீதியை ஒட்டினாரே, அந்த ஒரு வெட்டு எனக்குப் போதும். (எஞ்சின் இல்லாத அந்தக் கார், நிற்கும்போதே விரைவது போலிருக்கிறது.)

மறுமொழி 3:
அவருடைய தந்தை மாரியோ ஒரோஸ்கோ ரிவேரா, மெக்சிகோவின் புகழ்பெற்ற சுவரோவியர் சிக்கெய்ரோஸுடன் பணியாற்றிய சுவரோவியர் என்பதை இருவரும் விட்டுவிட்டீர்கள். அரசுக் கட்டடங்களை நிறைத்த அந்தப் பெருங்கலை மரபுக்கு எதிர்வினையாகவே மகனின் உருண்டையும் பெட்டியும் எனக்குப் படுகின்றன. ஆகவே ஓவியத்தைவிடத் திமிங்கிலம்தான் உண்மையான திருப்பம். அது பொதுநூலகத்துக்காகச் செய்யப்பட்டது. 2019இல் சாப்புல்தெபெக் பூங்காவின் பண்பாட்டுத் திட்டத்தை வழிநடத்தும் பொறுப்பையும் அரசிடமிருந்து ஏற்றார். இடையில், 2017இல், ஒரு கலைக்கூடத்தையே மெக்சிகோவின் தெருமுனைக் கடையாக மாற்றி, அங்கு அடுக்கிய சாதாரணப் பாக்கெட்டுகளின்மேல் அதே வண்ண வட்டங்களை ஒட்டிவைத்தார்.